மூணாவது காரணம்

குற்றம் நிரூபிக்கப்படவில்லை, போகலாம்னு ஜட்ஜ் சொல்கிற நாளில், அடிபட்ட பொண்ணுக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருப்பதுதான் நம்ம வேலை. புதுசாகச் சேர்ந்திருக்கிற பிள்ளைகள் இதை முதலில் மனசில் வாங்கிக்கொள்ளுங்கள். ஜெயிக்கிற அன்றைக்கு நாம தேவையில்லை. போலீஸ்காரர் கை கொடுப்பார், வக்கீல் சிரிப்பார், பொண்ணைச் சுற்றிக் கூட்டமாக இருக்கும். தோற்கிற அன்றைக்குக் கூடம் காலியாகிவிடும். அவளும் நாமும் மட்டும் அந்த நீளப் பெஞ்சில் இருப்போம்.

எனக்குப் படிப்பு குறைச்சல். அப்பா சிங்கப்பூருக்கு வந்து செம்பவாங் கப்பல் பட்டறையில் வேலை பார்த்தார். அந்தப் பக்கத்துத் தமிழ்ப் பள்ளியில் நாலாம் வகுப்பு வரைக்கும் போனேன். தமிழ் எழுத்துக் கூட்டிப் படிப்பேன், எழுதினால் கோணல்மாணலாக வரும். மலாய் விளையாடின இடத்தில் வந்தது. இங்கிலீஷ் கோர்ட்டில் உட்கார்ந்து உட்கார்ந்து காதில் ஏறியது. இந்த வீட்டுக்கு நான் சமையலுக்குத்தான் வந்தேன். முதலாளி வீட்டில் அடிபட்டு வருகிற பணிப்பெண்கள் வழக்கு முடியும்வரை தங்குகிற வீடு. தமிழ்ப் பொண்ணு வந்தால் கோர்ட்டுத் துணைக்குத் தமிழ் பேசுகிற ஆள் போகட்டும்னு மேடம் ஒருநாள் என்னை அனுப்பினார். அதற்கப்புறம் கரண்டி பிடித்ததைவிடக் கோர்ட்டில் உட்கார்ந்த நாள்தான் அதிகம். அதில் எனக்குப் பெருமை உண்டு. இல்லைன்னு சொன்னால் பொய்.

மேடம் என்று நான் சொல்வது அப்போது வீட்டை நடத்திக்கொண்டிருந்தவரை. யாழ்ப்பாணத்து வம்சம், பள்ளிக்கூட டீச்சராக இருந்து ஓய்வு பெற்றவர். யாரையும் நீ என்று கூப்பிட மாட்டார். ஒரு சமயம் வீட்டில் இரண்டு தமிழ்ப் பொண்ணுகளுக்குள் தண்ணீர்க் குவளையை வைத்துச் சண்டை வந்து, ஒருத்தி இன்னொருத்தியை ஜாதிப் பேர் சொல்லி ஏசிவிட்டாள். ஏச்சு வாங்கினவள் ராத்திரி முழுக்க அழுதாள். மறுநாள் மேடம் ஒரு விதி போட்டார். இந்த வீட்டில் ஜாதிப் பேச்சு கிடையாது. யார் பேசினாலும் வேறு இடம் பார்த்துக்கொள்ள வேண்டியதுதான். புதுசாக வருகிறவர்களுக்கு அதைச் சொல்வது என் பொறுப்பு. செருப்பை எங்கே விடணும், சமையல் முறை யாருக்கு எந்த நாள் என்பதோடு அதையும் அழுத்திச் சொல்வேன். நல்ல விதி. இன்றைக்கும் அப்படித்தான் சொல்வேன்.

ரேவதி வந்தது அந்த விதி போட்ட பிறகு. ரேவதி அவள் சொந்தப் பேர் இல்லை. தஞ்சாவூர்ப் பக்கத்துப் பொண்ணு, முப்பது வயசு இருக்காது. நெற்றியில் தையல், இடது கையில் கட்டு. விதியைச் சொன்னதும் தலையை ஆட்டினாள். "நல்லதுங்க ஆண்ட்டி" என்றாள். முகம் லேசாகத் தெளிந்தது. பயம் விட்டதுன்னு நினைத்துக்கொண்டேன்.

போலீசில் அவள் சொன்னது இதுதான். முதலாளியம்மா இரும்புத் தோசைக் கரண்டியால் கையில் அடித்தார், தடுத்தபோது நெற்றியில் விழுந்தது. இரத்தத்தோடு கீழே வாய்டு டெக்குக்கு, அடுக்குமாடியின் அடியில் இருக்கிற திறந்த கூடத்துக்கு, ஓடி வந்தாள். அங்கே உட்கார்ந்திருந்த சீனக் கிழவர் ஒருத்தர் போலீசைக் கூப்பிட்டார். முதலாளியம்மா சொன்னது வேறே: விசிறி துடைக்க ஸ்டூலில் ஏறினாள், விழுந்தாள். டாக்டர் எழுதிக் கொடுத்தது, இரண்டாலும் ஆகியிருக்கலாம் என்று. அதனால் வழக்கு முழுக்க ரேவதியின் வாய்மேல் நின்றது. அவளை நம்பினால் முதலாளியம்மாவுக்குத் தண்டனை. நம்பாவிட்டால் விடுதலை.

வழக்குக்குக் காத்திருந்த மாதங்களில் அவளைத் தேக்கா மார்க்கெட்டுக்குக் கூட்டிப் போவேன். காய் பொறுக்குவதில் கெட்டிக்காரி. முருங்கைக்காயை முறுக்கிப் பார்த்துவிட்டுக் கடைக்காரனிடமே, "இதை நீங்க வீட்டுக்குக் கொண்டுபோய் மத்தளம் அடிங்கண்ணே" என்பாள். அவ்வளவு வாய். ஆனால் பூக்கடைக்காரம்மா சும்மா ஒரு பேச்சுக்கு, "எந்த ஊரும்மா, எந்தத் தெரு? எங்க சொந்தமும் அந்தப் பக்கந்தான்" என்று கேட்டதும் பூவை வாங்காமலே நகர்ந்துவிட்டாள். வழக்கு நடக்கிற பொண்ணு, அடையாளம் சொல்லப் பயப்படுகிறாள்னு நான் அதற்கு ஒரு அர்த்தம் வைத்துக்கொண்டேன்.

சாட்சிக் கூண்டில் ஏறினாள். எதிர்த்தரப்பு வக்கீல் குரலை உயர்த்தாத மனுஷர். முதலாளியம்மா அவளுக்கு அனுப்பின மெசேஜுகளை எல்லாம் திரையில் போட்டார். பிறந்தநாளுக்கு வெட்டின கேக், பக்கத்தில் இவள் சிரித்துக்கொண்டு. 'தங்கச்சி, உன் வத்தக்குழம்பு சூப்பர் லா' என்று ஒன்று. வந்த நாளிலிருந்து அப்படித்தான் வைத்திருந்தார்கள். அதை ரேவதியும் ஒத்துக்கொண்டாள். "இவ்வளவு அன்பாக இருந்தவர் அன்றைக்கு எதற்காக அடித்தார்?" என்று வக்கீல் கேட்டார்.

ரேவதி ஜட்ஜைப் பார்க்கவில்லை. பார்வையாளர் வரிசையில் இருந்த என்னைப் பார்த்தாள். தைரியம் கேட்கிறாள்னு நான் தலையை ஆட்டினேன். அவள் சொன்னாள்: "போன்ல பேசிக்கிட்டு இருந்தேன். அதுக்குக் கோவம்."

வக்கீல் போலீஸ் வாக்குமூலத்தை எடுத்தார். அதில் உப்பு கூடிப்போனதற்காக அடித்தார்கள் என்று இருந்தது.

"உப்பா, போனா?"

"ரெண்டும்."

"போலீசில் போனைப் பற்றி ஏன் சொல்லவில்லை?"

"தெரியல."

தெரியல, ஞாபகம் இல்லை, தெரியல. அந்தப் பிற்பகல் முழுக்க இதுதான். முருங்கைக்காய்க்கு அவ்வளவு பேசின வாய்.

தீர்ப்பில் ஜட்ஜ் ஒன்றும் கடுமையாகச் சொல்லவில்லை. காயம் உண்மை. ஆனால் அடி விழுந்ததற்கு முந்தின நிமிஷத்தைப் பற்றிக் கேட்கும்போதெல்லாம் இந்தப் பெண் எதையோ மறைக்கிறார், ஒரே கேள்விக்கு இரண்டு பதில் தருகிறார். இந்தச் சாட்சியை மட்டும் வைத்து ஒருத்தரைத் தண்டிக்க முடியாது. விடுதலை. மொழிபெயர்ப்பாளர் குனிந்து சொன்னார்.

"அப்ப நான் பொய் சொன்னேங்கிறாங்களா சார்?"

"அப்படி இல்லைம்மா. சந்தேகம் இருக்கு. சந்தேகம் இருந்தா விட்டுடணும், அதுதான் சட்டம்."

"சந்தேகம் யார் மேல? அவங்க மேலயா, என் மேலயா?"

அவர் பேப்பரை அடுக்கிக்கொண்டு போய்விட்டார். என்ன சொல்லுவார் பாவம்.

இந்த இடத்தில் உங்களுக்கு ஒன்று சொல்லணும். விடுதலை என்றால் அதோடு முடிந்ததுன்னு பொண்ணுகள் நினைப்பார்கள். அரசாங்க வக்கீல் நினைத்தால் அப்பீல் போகலாம். ஆனால் அதைப் போடுவது அரசாங்கம், இவள் இல்லை. இவளுக்காக நடக்கும், இவளைக் கேட்டு நடக்காது. அதைப் பதமாக விளக்கிச் சொல்லுங்கள். ரேவதியின் வழக்கில் அப்பீல் போட்டார்கள். டாக்டர் சொன்னதையும், ஓடிவந்த கோலத்தையும் ஜட்ஜ் சரியாக எடைபோடவில்லை என்பது அவர்கள் வாதம். உன் சாட்சி முடிந்துவிட்டது, நீ ஊருக்குப் போகலாம் என்றார்கள்.

அவள் போகமாட்டேன் என்றாள்.

காரணம் ஊர். முதலாளியம்மாவின் மாமியார் வீடு இவள் ஊரிலிருந்து இரண்டு ஊர் தள்ளி. தீர்ப்பு இவள் போவதற்கு முன்னாலே அங்கே போய்விட்டது. அண்ணன் போனில், "சிங்கப்பூர் கோர்ட்டே உன்னைப் பொய்க்காரின்னு சொல்லிடுச்சுன்னு டீக்கடையில பேசுறாங்க பாப்பா. நீ வா, கதவைச் சாத்திக்கிட்டு இருந்துக்கலாம்" என்றான். இவள், "கதவைச் சாத்திக்கிட்டு எத்தனை வருஷம்ணே?" என்றாள். வழக்கு முடியும்வரை தங்க விடுகிற ஸ்பெஷல் பாஸை நீட்டித்து நீட்டித்து, வேலை செய்ய முடியாமல், அப்பீலுக்காக உட்கார்ந்துவிட்டாள். கோர்ட்டு தன்னை நம்பினதுன்னு ஒரு சொல் வேண்டும். அதை எடுத்துக்கொண்டுதான் பஸ்ஸில் இறங்கணும். வேறு எதுவும் அவள் கேட்கவில்லை.

அந்தக் காலத்தில் நம்ம வீட்டில் வழக்குகளைப் பார்த்துக்கொண்ட பொண்ணு நூரா. மலாய்க்காரப் பிள்ளை, படித்தவள், என்னை மக்சிக், அதாவது ஆண்ட்டி, என்று கூப்பிடுவாள். ஒருநாள் சமையல்கட்டுக்கு வந்து நின்றாள். முகம் ஒரு மாதிரி.

"மக்சிக், ஒரு தெருவில பிறந்தா அதுக்காக அடிப்பாங்களா?"

"எந்தத் தெரு? என்ன சொல்றே?"

"ரேவதி சொன்னா. துணி காயப்போடுறப்ப, அவளுக்குத் தெரிஞ்ச இங்கிலீஷ்ல. எனக்குச் சரியா புரியல. அவ வேற தெருன்னு பொய் சொல்லிட்டாளாம், முதலாளி வீட்டுப் பாட்டி கண்டுபிடிச்சிட்டாங்களாம். ஏன் மக்சிக், அந்தத் தெருவில என்ன? மழைக்குத் தண்ணி ஏறுமா?"

அடுப்பை அணைத்தேன்.

மாடிக்குப் போனேன். ரேவதி கட்டிலில் உட்கார்ந்திருந்தாள். பக்கத்தில் உட்கார்ந்தேன். அவளே சொன்னாள். முதலாளியம்மா நல்லவர்தான், அக்கா என்றுதான் இவள் கூப்பிடுவாள். மாமியார் ஊரிலிருந்து வந்து தங்கின பிறகுதான் எல்லாம். கிழவி வந்த அன்றைக்கே ஊர் கேட்டாள், தெரு கேட்டாள். இவள் மாற்றிச் சொன்னாள். கிழவி ஊருக்குப் போன் போட்டு விசாரித்துவிட்டாள். அப்புறம் இவளுக்குத் தனித் தட்டு, தனிக் குவளை, கழுவுகிற தொட்டிக்கு அடியில். வெள்ளிக்கிழமை வந்தது. வந்த நாளிலிருந்து வெள்ளிக்கிழமை சாமி விளக்கு ஏற்றுவது இவள் வேலை. ஏற்றாதேன்னு யாரும் சொல்லவில்லை, ஏற்றினாள். கிழவி பார்த்துவிட்டு மருமகளைக் கூப்பிட்டாள். "இந்தக் கையாலதான் இத்தனை மாசம் என் மகனுக்குச் சோறு போட்டியா?" என்றாள்.

"அக்காவுக்கு என் மேல கோவம் இல்ல ஆண்ட்டி. மாமியாருக்கு முன்னால அசிங்கமாப் போச்சு. அவங்க பாக்கணும்னுதான் அடிச்சாங்க. அடிக்கிறப்ப அக்காவும் அழுதாங்க."

நான் கோர்ட்டில் எத்தனையோ கேட்டவள். இப்படி ஒன்றைக் கேட்டதில்லை. பிறகு என் பெருமை பொறுக்கவில்லை, கேட்டுவிட்டேன். "இத்தனை நாள் உன் பக்கத்துலயே இருந்தேனேம்மா. நூராகிட்ட சொன்னதை என்கிட்ட ஏன் சொல்லல?"

"நூராவுக்கு அது ஒரு தெரு. உங்களுக்கு அப்படி இல்லையே. நீங்க தமிழ் ஆளு."

அப்புறம், என் மனசு நோகக் கூடாதுன்னு மெதுவாகச் சொன்னாள்: "பேசக் கூடாதுன்னு நீங்க சொன்னப்ப எனக்கு நிம்மதியா இருந்துச்சு ஆண்ட்டி. இங்க யாரும் கேக்க மாட்டாங்க, நானும் சொல்ல வேண்டாம்னு. வாரத்துல ரெண்டு நாள் எல்லாருக்கும் நான்தானே சமைக்கிறேன்."

கூண்டில் நின்று என்னைப் பார்த்தாளே, அது தைரியம் கேட்டு இல்லை. உண்மையான பதிலின் அர்த்தம் தெரிந்து, அப்புறமும் அவள் கையால் சாப்பிட வேண்டிய ஆள் அந்தக் கூடத்தில் நான் ஒருத்திதான் என்பதால்.

அரசாங்க வக்கீல் சின்னப் பொண்ணு, சீனப் பிள்ளை. சொல்லி அனுப்பினதும் மொழிபெயர்ப்பாளரோடு உட்கார்ந்து முழுக்கக் கேட்டாள். ரேவதி இந்தத் தடவை ஒன்றையும் விழுங்கவில்லை. தெருப் பேர், ஜாதிப் பேர், கிழவி சொன்ன வார்த்தை, எல்லாம் நிமிர்ந்து சொன்னாள். "இதை ஜட்ஜு முன்னால சொல்றேன். எத்தனை பேர் இருந்தாலும் சொல்றேன்" என்றாள். அந்தப் பிள்ளை பேனாவை மூடி வைத்தாள்.

"அப்பீலில் நீங்கள் கூண்டில் ஏற முடியாது" என்றாள் கடைசியில். "அங்கே சாட்சி கிடையாது. முன்னே எழுதி வைத்ததை வைத்துத்தான் பேசுவோம். புதுச் சாட்சியம் வேண்டும் என்றால், அது அப்போது கிடைக்காததாக இருக்கணும். இது உங்கள் வாயிலேயே இருந்தது. அனுமதி கேட்டுப் பார்க்கிறேன். நம்பிக்கை வைக்க வேண்டாம்."

ரேவதி நம்பிக்கை வைத்தாள். வைக்காமல் எப்படி இருப்பாள்?

ஹைகோர்ட்டுக்கு அவளுக்கு நானே புடவை இஸ்திரி போட்டேன். ஃபேரர் பார்க்கில் எம்ஆர்டி ரயில் ஏறினதிலிருந்து அவள் உதடு அசைந்துகொண்டே இருந்தது, சொல்ல வேண்டியதைச் சொல்லிச் சொல்லிப் பார்த்தபடி. சொல்ல இடம் இருக்காதுன்னு தெரிந்தும். அந்தச் சீனப் பிள்ளை எழுந்து, ஏன் இவர் மறைத்தார் என்று தன்னால் ஆனமட்டும் எடுத்துச் சொன்னாள். அப்புறம் எதிர்த்தரப்பு வக்கீல் எழுந்தார். அதே உயர்த்தாத குரல். "முதலில் உப்பு. பிறகு தொலைபேசி. தோற்ற பிறகு ஜாதி. இது மூன்றாவது காரணம்" என்றார். உட்கார்ந்துவிட்டார்.

பக்கத்தில் இருந்த நூரா அதை எளிய இங்கிலீஷில் சொல்ல, ரேவதி கேட்டுக்கொண்டாள். அவள் வக்கீலைப் பார்க்கவில்லை. முன்வரிசையில் இருந்த முதலாளியம்மாவைப் பார்த்தாள். அந்த அம்மா மடியில் கைப்பையின் வாரைப் பிடித்துக்கொண்டு குனிந்தே இருந்தார், கடைசிவரை நிமிரவில்லை.

"அவங்களுக்குத் தெரியும் ஆண்ட்டி" என்றாள். "இந்தக் கூடத்துல நடந்ததைப் பார்த்தது அவங்க ஒருத்தர்தான்."

புதுச் சாட்சியத்துக்கு அனுமதி இல்லை. இருக்கிறதை வைத்துப் பார்த்தால் கீழ்க்கோர்ட்டுத் தீர்ப்பில் தப்பு இல்லை. அப்பீல் தள்ளுபடி. ஜட்ஜ் எழுந்து போனார், எல்லாரும் தலை குனிந்தோம்.

ஜட்ஜைக் குறை சொல்லி இதை எழுதவில்லை. அவர்கள் கையில் இருந்தது உப்பும் போனும். சட்டம் அப்படி. ஆனால் இந்த வேலைக்கு வந்த நீங்கள் ஒன்று தெரிந்துகொள்ளுங்கள். ஒரு பொண்ணு ஒரே கேள்விக்கு இரண்டு பதில் சொன்னால் பொய்க்காரின்னு எடுத்துக்கொள்ளாதீர்கள், அடியில் இன்னொன்று கிடக்கிறது. நல்லது நினைத்துப் போடுகிற விதிகூட ஒருத்தி வாயைக் கட்டும். ஜாதி பேசக் கூடாதுன்னு சாப்பாட்டு மேசையில் சொல்லுங்கள். வழக்கு எழுதுகிற அறையில், இங்கே பேசலாம், பேசணும்னு அதே நாளில் சொல்லுங்கள். தமிழ்ப் பொண்ணு என்பதற்காகத் தமிழ் ஆளையே பக்கத்தில் வைத்துவிட்டு நிம்மதியாக இருந்துவிடாதீர்கள். யாரிடம் வாய் திறக்கலாம் என்று அவளுக்குத்தான் தெரியும். எல்லாம் சாட்சி சொல்வதற்கு முன்னால் நடக்கணும். பிறகு தெரிய வருகிற உண்மைக்குக் கோர்ட்டில் நாற்காலி இல்லை.

ஊருக்குப் போவதற்கு முந்தின நாள் சமையல் நான் செய்கிறேன் என்றாள் ரேவதி. வத்தக்குழம்பு, அப்பளம், பீன்ஸ் பொரியல். சாயங்காலமே எல்லாரும் மேசைக்கு வந்துவிட்டார்கள். இந்தோனேசியாப் பொண்ணுகள், பர்மாக்காரி ஒருத்தி, நூரா, மேடம், நான். இன்னொரு தமிழ்ப் பொண்ணும் அப்போது வீட்டில் இருந்தாள், பாக்கியம் என்று வைத்துக்கொள்வோம். ரேவதிக்கு அடுத்த கட்டில். தினமும் இவளுக்குத் தலை பின்னி விடுவாள். தோற்றுவிட்டு வந்த அன்றைக்கு இவளைக் கட்டிக்கொண்டு அழுதவளும் அவள்தான்.

பரிமாறி முடித்துவிட்டு ரேவதி உட்காரவில்லை. நின்றபடியே தன் தெருப் பேரைச் சொன்னாள். ஜாதிப் பேரைச் சொன்னாள். தமிழில் ஒரு தடவை, அவளுக்குத் தெரிந்த இங்கிலீஷில் ஒரு தடவை. கோர்ட்டுக்கு என்று வைத்திருந்த குரல் அது. "இது தெரிஞ்சுபோய்த்தான் என்னை அடிச்சாங்க. அவ்வளவுதான். சாப்பிடுங்க" என்றாள்.

விதிப்படி பார்த்தால் மேடம் தடுத்திருக்கணும். மேடம் சோற்றைப் பிசைந்து வாயில் வைத்தார். நானும் சாப்பிட்டேன். மற்றப் பொண்ணுகளுக்கு விளங்கவில்லை, அப்பளத்துக்குக் கை நீட்டினார்கள்.

பாக்கியத்தின் கை தட்டில் நின்றுவிட்டது. பிறகு, "எனக்கு வயிறு சரியில்ல" என்று எழுந்து கையைக் கழுவிக்கொண்டு மாடி ஏறினாள்.

"பாக்கியம்! இங்க வாங்கோ!" மேடம் நாற்காலியைத் தள்ளிக்கொண்டு எழுந்தார். அவர் அப்படிக் கத்தி நான் கேட்டதே இல்லை.

"விடுங்க மேடம்" என்றாள் ரேவதி. "ஜட்ஜு ஒருநாள் நம்ம கூட சாப்பிட வந்திருந்தா போதும்."

சொல்லிவிட்டு உட்கார்ந்து தனக்குப் போட்டுக்கொண்டு சாப்பிட்டாள். நிதானமாக, மோர் வரைக்கும். எல்லார் தட்டையும் எடுக்கிற பழக்கம் அவளுக்கு. என்னுடையதை எடுத்தாள், நூராவுடையதை எடுத்தாள். பாக்கியத்தின் தட்டுக்குக் கை போனது. குழம்பு ஊற்றின சோறு அப்படியே இருந்தது. கை நின்றது. திரும்பி வந்துவிட்டது.

காலையில் ஏர்போர்ட்டுக்கு வண்டி வந்தபோதும் அந்தத் தட்டு மேசையில்தான் இருந்தது. பாக்கியம் கீழே இறங்கி வரவில்லை. நானும் அதை எடுக்கவில்லை.